ஷிப்டு முடிந்த பிறகு ஸ்விங்

சுரங்கக் கதை என்று வந்துவிட்டால் பின்னணி இசைக்காரர்கள் முதலில் கை வைப்பது பெரிய டிரம்களில்தான். அடியில் கனத்த அடி, மேலே ஆண் குரல்களின் கோரஸ், நடுவே இரும்பு உரசும் ஒலி. இந்த மூன்றையும் அடுக்கினால், நிலத்துக்கு அடியில் ஒரு கூட்டம் அடிமைப்பட்டுக் கிடக்கிறது என்பது பார்ப்பவருக்கு விளங்கிவிடும். 2018 டிசம்பரிலும் 2022 ஏப்ரலிலும் வெளிவந்த ‘கே.ஜி.எஃப்’ படத்தின் இரண்டு பாகங்களுக்கும் ரவி பஸ்ரூர் அமைத்த இசை இந்த முறையை நாடெங்கும் பரப்பியது. அந்தக் கதைக்கு அது சரியாகவே பொருந்தியது. அதில் எனக்கு மறுப்பில்லை. அதையே எல்லாச் சுரங்கத்துக்கும் பொதுவிதியாக்கிய பழக்கத்தைத்தான் மறுக்கிறேன். டிரம்பெட், டிராம்போன், சாக்ஸஃபோன் வாசிப்பவர்களுக்கு நொட்டேஷன் எழுதிக் கொடுத்துப் பிழைப்பவன் என்ற முறையில் சொல்கிறேன்: கோலார் தங்கவயலை 1930-களுக்கும் 1960-களுக்கும் இடையில் வைத்துக் கதை சொல்லும் எந்தப் படத்துக்கும் ஸ்விங் ஜாஸ் தேவை. கிளப் காட்சி இருந்தால் மட்டுமல்ல, இல்லாவிட்டாலும் தேவை. ஸ்விங் என்றால் பணக்காரன், மதுக்கோப்பை, கெட்டுப்போன பெண் என்று நம் திரையுலகம் ஒரு கணக்கு வைத்திருக்கிறது. அந்தக் கணக்கு பிற்பாடு வந்தது. நம் சினிமாவுக்குள் ஸ்விங் நுழைந்தபோது, பையில் காசில்லாதவனின் பாட்டாகத்தான் நுழைந்தது.

முதலில் ஊரைப் பார்ப்போம். 1880-களில் ஜான் டெய்லர் அண்ட் சன்ஸ் என்ற லண்டன் கம்பெனியின் கைக்கு வந்த பிறகுதான் தங்கவயல் பெரிய சுரங்க ஊரானது. மைசூர், சாம்பியன் ரீஃப், உரிகம், நந்திதுர்கம் என்று சுரங்கத்துக்கு ஒரு குடியிருப்பு. நடுவில் ராபர்ட்சன்பேட்டை, ஆண்டர்சன்பேட்டை போன்ற கடைத்தெருக்கள். 1902-ல் சிவசமுத்திரம் நீர்மின் நிலையத்திலிருந்து ஏறத்தாழ 147 கிலோமீட்டருக்குக் கம்பி இழுத்து இங்கே மின்சாரம் கொண்டுவந்தார்கள்; பெங்களூர் நகரத்துக்கு அது பிறகுதான் போனது. சுரங்கத்துக்காக வந்த மின்சாரம் ஊரின் இரவையும் மாற்றியது. விளக்கு எரியும் மண்டபம், கிராமஃபோன், பிறகு சினிமா கொட்டகை எல்லாம் அதன் பின்னால் வந்தவை. நல்ல காலத்தில் சுமார் 30,000 பேர் இங்கே வேலை செய்தார்கள். பெரும்பாலோர் வட ஆற்காடு, சேலம் பக்கத்திலிருந்து வந்த தமிழர்கள். அவர்களிலும் பெரும்பகுதி தலித் மக்கள். அயோத்திதாசரின் பௌத்த இயக்கத்துக்கு இங்கே மாரிகுப்பத்தில் வலுவான கிளை இருந்ததையும், அவரது ‘தமிழன்’ இதழ் பின்னாளில் தங்கவயலிலிருந்து வெளிவந்ததையும் நினைத்துக்கொண்டால், திரையில் நாம் காட்டும் வாயற்ற கூட்டத்துக்கும் இந்த ஊருக்கும் எவ்வளவு தூரம் என்று தெரியும். அவர்களுக்கும் வெள்ளைக்கார அதிகாரிகளுக்கும் இடையில் ஆங்கிலோ-இந்தியர்கள் இருந்தார்கள். வைண்டிங் எஞ்சின் ஓட்டுபவர், ஒர்க்‌ஷாப் ஃபோர்மேன், பள்ளி ஆசிரியை, மருத்துவமனை நர்ஸ் ஆகிய வேலைகளில் அவர்களே அதிகம். அந்த ஊர்க்காரரான பிரிட்ஜெட் வைட்-குமார் தங்கவயல் வாழ்க்கையை நினைவுக் குறிப்புகளாக எழுதியிருக்கிறார். அவர் சொல்வதிலிருந்து ஒன்று தெளிவாகிறது: கிறிஸ்துமஸ், புத்தாண்டு நடனங்கள் அந்தச் சமூகத்துக்கு ஆண்டின் அச்சாணி. நடனம் இருந்தால் பேண்டு வேண்டும். 1935-க்குப் பிறகு ஒரு நடன பேண்டு எதை வாசிக்கும் என்பதில் உலகம் முழுக்க ஒரே பதில்தான்.

அந்த ஆண்டு ஆகஸ்டில் லாஸ் ஏஞ்சல்ஸின் பாலோமார் மண்டபத்தில் பென்னி குட்மனின் குழுவுக்குக் கிடைத்த வரவேற்பைத்தான் ஸ்விங் யுகத்தின் தொடக்கமாக இசை வரலாறு எழுதுபவர்கள் வழக்கமாகக் குறிக்கிறார்கள். கறுப்பின மக்களின் மண்டபங்களில் அதற்குப் பல ஆண்டுகள் முன்பே அது ஓடிக்கொண்டிருந்தது. ஹார்லெமின் சவாய் பால்ரூம் திறந்தது 1926-ல். அதே 1935-ல் லியான் ஆபியின் கறுப்பினக் குழு பம்பாய் தாஜ் ஹோட்டலில் வாசிக்க வந்தது. பிறகு டெடி வெதர்ஃபோர்டு என்ற பியானோக்காரர் பம்பாயிலும் கல்கத்தாவிலும் ஆண்டுக்கணக்கில் தங்கி வாசித்து, 1945-ல் கல்கத்தாவிலேயே இறந்தார். இவர்களிடம் நேரில் கற்றவர்கள் கோவாக்காரர்களும் ஆங்கிலோ-இந்தியர்களும். போர்க்காலத்தில் ஆங்கில, அமெரிக்கப் படைவீரர்கள் பெங்களூர் கன்டோன்மென்ட் உட்பட நாடெங்கும் குவிந்தபோது இந்த இசைக்குத் தேவை பன்மடங்கானது. பெங்களூரிலிருந்து தங்கவயல் ஏறத்தாழ 100 கிலோமீட்டர். பங்காருப்பேட்டையில் மாறினால் ரயில் மாரிகுப்பம் வரை போகும். இசைத்தட்டும் அச்சடித்த நொட்டேஷனும் வந்து சேர இந்த ஒரு கிளைப் பாதையே போதும்.

ஸ்விங் என்றால் என்ன என்பதை இங்கேயே சொல்லிவிட வேண்டும். எங்கள் தொழிலிலேயே பலர் அதை வாத்தியத்தின் பெயராக எடுத்துக்கொள்கிறார்கள். சாக்ஸஃபோன் வந்தால் ஜாஸ், அடக்குக் குப்பி வைத்த டிரம்பெட் வந்தால் ஸ்விங் என்பது தவறான பாடம். ஸ்விங் ஒரு நடை. நாலு தட்டு ஓடிக்கொண்டே இருக்கும்; பாஸ் வாத்தியம் தட்டுக்கு ஒரு சுரம் என்று நடந்துகொண்டே இருக்கும்; ஒவ்வொரு தட்டையும் இரண்டாகப் பிரிக்கும்போது முதல் பாகம் நீளும், இரண்டாவது குறுகும். நடுத்தர வேகத்தில் அந்த விகிதம் தோராயமாக இரண்டுக்கு ஒன்று. அப்படியானால் அது நம் திஸ்ர நடைதானே, பறையிலும் நையாண்டி மேளத்திலும் கேட்காததா என்று கேட்பார்கள். உறவு உண்டு, அதனால்தான் தமிழ்க் காதுக்கு ஸ்விங் சட்டென்று பிடிபடுகிறது. ஆனால் திஸ்ரத்தில் மூன்றும் சமம். ஸ்விங்கில் அந்த மூன்றின் நடுவாசல் மூடியிருக்கும். மேலும், வேகம் கூடக் கூட ஸ்விங்கின் நீளமும் குறுக்கமும் சமத்தை நோக்கிப் போகும். வேகம் குறைந்தால் இடைவெளி இன்னும் இழுபடும். அதாவது விகிதம் நிலையாக நிற்பதில்லை. வாசிப்பவர்கள் ஒருவரை ஒருவர் கேட்டுக்கொண்டு அவ்வப்போது முடிவு செய்வது அது. ஹை-ஹாட் இரண்டாவது, நாலாவது தட்டில் மூடுவதும், ரைடு சிம்பலின் ஓட்டமும், டிரம்பெட்காரர் ஒரு மயிரிழை பிந்தி வருவதும் சேர்ந்தால்தான் காலாடும். இதை நொட்டேஷனில் எழுத முடியாது. சமமான சுரங்களை எழுதி மேலே ‘ஸ்விங்’ என்று ஒரு வார்த்தை போடுவோம். மீதி வாசிப்பவர் கையில்.

இனி சினிமாச் சான்றுகள். ஸ்விங்கை இந்தித் திரைக்குள் துணிந்து கொண்டுவந்தவர் சி. ராம்சந்திரா. அவர் இசையமைப்பாளராகக் கணக்குத் தொடங்கியது தமிழில் என்பதை நம்மில் பலர் மறந்துவிட்டோம். பகவான் இயக்கிய ‘ஜயக்கொடி’, ‘வனமோகினி’ ஆகிய தமிழ்ப் படங்கள்தான் அவருக்கு முதல் வாய்ப்பு. பத்து ஆண்டுகள் கழித்து, 1951-ல், அதே பகவான் நடித்து இயக்கிய ‘அல்பேலா’வில் அவர் ஸ்விங்கை முழுமையாக அவிழ்த்துவிட்டார். உடன் இருந்தவர் சிக் சாக்லேட் என்று அழைக்கப்பட்ட கோவா டிரம்பெட்காரர் அந்தோனியோ சேவியர் வாஸ். படத்தின் பாட்டுக் காட்சியில் தம் குழுவோடு திரையிலேயே தோன்றுகிறார். இந்தப் படத்தின் நாயகன் யார் என்று பாருங்கள். சொற்பச் சம்பளத்துக்கு வேலை பார்த்துக்கொண்டு, வீட்டில் திட்டு வாங்கிக்கொண்டு, மேடையேறும் கனவோடு திரிகிறவன். கட்டுமஸ்தான உடலும் இல்லை, அழகனும் இல்லை. அவன் கனவுக்குத்தான் ஸ்விங் கிடைத்தது. அந்தக் கனவைக் காட்ட ராம்சந்திராவுக்கு ராகம் தெரியாமல் இல்லை. இந்துஸ்தானி மெட்டுகளில் அவர் தேர்ந்தவர். தெரிந்தே ஸ்விங்கைத் தேர்ந்தெடுத்தார்.

தமிழிலும் இதே கதைதான், இன்னும் தெளிவாக. மேற்கத்திய நடன நடைகளை ஐம்பதுகளில் தன் உடம்பிலும் குரலிலும் சுமந்தவர் ஜே.பி. சந்திரபாபு. தூத்துக்குடியில் பிறந்து, இளமையில் கொழும்பிலும் வாழ்ந்தவர். குரலை உடைத்து ஏற்றியிறக்கும் யோடலிங் அவரது முத்திரை. ‘புதையல்’ (1957), ‘மரகதம்’ (1959), ‘அன்னை’ (1962) என்று அடுத்தடுத்து அவர் பாடிய பாட்டுகளை வைத்துப் பாருங்கள். விஸ்வநாதன்-ராமமூர்த்தி, சுப்பையா நாயுடு, சுதர்சனம் என்று இசையமைப்பாளர்கள் மாறுகிறார்கள்; திரையில் வரும் ஆள் மாறுவதில்லை. அவன் ஏமாளி, திண்டாடுபவன், உலகம் புரியவில்லை என்று கைவிரிப்பவன். 1964-ல் ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’யில் வேலையிலிருந்து நீக்கப்பட்ட இளைஞன் எஸ்டேட் முதலாளியின் வீட்டுக்கு எதிரிலேயே கூடாரம் போட்டு, திரும்ப வேலை கேட்டுப் பாடுகிறான். விஸ்வநாதன்-ராமமூர்த்தி அதற்குக் கொடுத்தது ராக் அண்ட் ரோல், ட்விஸ்ட் வகை நடை; இரண்டும் ஸ்விங்கின் வாரிசுகள். தொழிலாளி முதலாளியிடம் வேலை கேட்கும் தமிழ் சினிமாவின் மிகப் புகழ்பெற்ற பாட்டு எந்த நடையில் இருக்கிறது என்பதைத் தங்கவயல் படம் எடுப்பவர்கள் ஒருமுறை யோசிக்கலாம். வாசித்தவர்களும் அந்த உலகத்துக்காரர்களே. எம்.எஸ்.விஸ்வநாதனின் குழுவில் டிரம்ஸ் நோயல் கிராண்ட், கிடார் பிலிப்ஸ், அக்கார்டியன் மங்களமூர்த்தி, ஒழுங்கமைப்பில் ஹென்றி டேனியல். இவர்களில் பெரும்பாலோரின் பெயர்கள் எந்தத் துணைப்பண்பாட்டைக் காட்டுகின்றன என்பதை நான் விளக்க வேண்டியதில்லை: சர்ச் பாடகர் குழு, ரயில்வே காலனி, கன்டோன்மென்ட், போலீஸ் பேண்டு. பம்பாயில் 1950-ஐ ஒட்டி மதுவிலக்கு இறுகியது. சென்னை மாகாணத்தில் அதற்கும் முன்பே. வெள்ளைக்காரர்களும் கிளம்பிவிட்டார்கள். நடன மண்டபங்களில் கூலி குறைந்தபோது இந்தக் கைகள் ஸ்டுடியோவுக்கு வந்தன. நம் சினிமா ஸ்விங்கை இறக்குமதி செய்தது என்பதைவிட, வேலை தேடி வந்தவர்களைச் சேர்த்துக்கொண்டது என்பதே சரி. டைட்டிலில் பெயர் போடாமலே சேர்த்துக்கொண்டது.

பிறகு எப்படி இது கிளப்புக்குள் அடைபட்டது? 1958-ல் ‘ஹவுரா பிரிட்ஜ்’ ஹெலனுக்கு ஒரு நடனம் கொடுத்தது. அதன் வெற்றி ஒரு சூத்திரத்தைப் பிறப்பித்தது. தமிழில் ‘புதிய பறவை’ (1964) சௌகார் ஜானகியை கிளப் பாடகியாக நிறுத்தியது. அந்தப் பாட்டு ஸ்விங்கைவிட லத்தீன் சாயல் கூடியது; அதன் ஒழுங்கமைப்பின் நேர்த்திக்கு இன்றும் நான் தலைவணங்குவேன். ஆனால் அத்தகைய பாட்டுகளின் வெற்றி இயக்குநர்களுக்கு ஒரு குறுக்குவழி காட்டியது. எழுபதுகளுக்கு வந்தபோது பிராஸ் வாத்தியம் ஒலித்தாலே ஆபத்து, மயக்கம், வில்லனின் இடம் என்று ஆகிவிட்டது. ‘கே.ஜி.எஃப்’ முதல் பாகம்கூட இதையே உறுதிசெய்கிறது. அந்தப் படத்தின் கன்னட வடிவத்தில் வரும் நடனப் பாட்டு, ‘பரோபகாரி’ (1970) என்ற பழைய கன்னடப் படத்தில் எல்.ஆர். ஈஸ்வரி பாடியதன் மறுவடிவம். சுரங்கத்துக்கு டிரம், கேளிக்கைக்குப் பழைய கிளப் பாட்டு. சுரங்கத்தில் வேலை செய்கிறவனுக்கு மாலைப் பொழுது என்று ஒன்று உண்டு என்பது இந்தப் பங்கீட்டில் விழுந்துபோகிறது.

இந்த இடத்தில் கனமான ஆட்சேபம் ஒன்று வரும், வரத்தான் வேண்டும். தங்கவயலின் கிளப்புகள் நிறம் பார்த்து, பதவி பார்த்து ஆளை உள்ளே விட்டவை. வெள்ளை அதிகாரிக்கு ஒரு கிளப், அடுத்த படிக்கு இன்ஸ்டிட்யூட், தமிழ்த் தொழிலாளிக்கு வேலிக்கு வெளியே இடம். கைரேகைப் பதிவை எதிர்த்து 1930-ல் வேலைநிறுத்தம் செய்த மக்களின் கதைக்கு, அவர்களை ரேகையாகப் பதிவு செய்தவர்களின் நடன இசையைப் போடுவது எந்த நியாயம்? கேள்வி நேர்மையானது. ஆனால் இசை யார் காசில் நடந்தது, யார் கையால் நடந்தது என்று பிரித்துப் பார்க்க வேண்டும். மண்டபம் முதலாளியுடையது, வாசித்தவர் கூலிக்காரர், அவர் வாசித்ததோ அமெரிக்காவின் ஒடுக்கப்பட்ட மக்கள் உருவாக்கியது. சுரங்கத்துக்கும் ஸ்விங்குக்குமே நேரான சரித்திரம் ஒன்று உண்டு. மேற்கு வர்ஜீனியாவின் நிலக்கரிச் சுரங்க ஊர்களில் முப்பதுகளில் கறுப்பினத் தொழிலாளர்கள் நடத்திய நடனங்களுக்கு டியூக் எலிங்டன், கவுன்ட் பேஸி, ஜிம்மி லன்ஸ்ஃபோர்டு போன்றோரின் முழு பேண்டுகளே வந்து வாசித்தன. கிறிஸ்டோபர் வில்கின்சன் என்ற இசை வரலாற்றாளர் இதை ஒரு நூலாகவே எழுதியிருக்கிறார். பேண்டு வரக் காரணம் ரசனை மட்டுமல்ல. சுரங்கக் கூலி ரொக்கமாக வந்தது. சுற்றியிருந்த விவசாய ஊர்களில் அது இல்லை. தங்கவயலில் தமிழ்த் தொழிலாளி நடன மண்டபத்துக்குள் போகவில்லை என்பது உண்மை. அவன் போனது சினிமா கொட்டகைக்கு. கொட்டகையில் அவனுக்குக் கிடைத்தவர் சந்திரபாபு. 1952 முதல் ஆல் இந்தியா ரேடியோ திரைப்பாட்டை ஒதுக்கிவைத்தபோது தென்னிந்தியத் தமிழ்க் குடும்பங்கள் இலங்கை வானொலிக்குத் திரும்பின; போர்க்காலத்தில் நேசப்படை வீரர்களுக்காக நடந்த ஒலிபரப்பு நிலையத்தின் வாரிசு அது. ஆக வேலிக்கு உள்ளே கேட்ட நடை, வேறொரு சுற்றுவழியில், தமிழ்ச் சொல்லோடு வேலிக்கு வெளியேயும் வந்துவிட்டது. ஒரு படம் இந்த இரண்டு ஓட்டங்களையும் ஒரே காட்சியில் உரச விட்டால் சாதியும் நிறமும் பற்றி வசனமே எழுத வேண்டாம்.

அடுத்து, சுரங்கத்தின் உண்மையான ஒலி டிரம்தானே என்பவர்கள். இதற்கு ஒலியை வைத்தே பதில் சொல்லலாம். தங்கவயலின் ஆரம்பப் பத்தாண்டுகளில் இரவும் பகலும் கேட்ட ஒலி ஸ்டாம்ப் மில்லுடையது. தாதுக்கல்லை இடிக்க ஐந்தைந்தாக நிறுத்திய கனத்த இரும்பு உலக்கைகள். ஒவ்வொன்றும் நிமிடத்துக்கு ஏறத்தாழ 90 முதல் 100 முறை விழும். ஐந்தும் சேர்ந்து விழாது; கல் சீராகப் பரவ வேண்டும் என்பதற்காக ஒன்று, மூன்று, ஐந்து, இரண்டு, நாலு என்பது போன்ற ஒரு வரிசையில் மாற்றி மாற்றி விழும். பத்துப் பன்னிரண்டு தொகுதிகள் பக்கத்தில் பக்கத்தில் ஓடும்போது காதுக்குக் கிடைப்பது ஒருமித்த அடி அல்ல, உருண்டுகொண்டே இருக்கும் ஓர் இரைச்சல். அதற்குள் அழுத்தங்கள் இடம் மாறிக்கொண்டே இருக்கும். நூறு டிரம்கள் ஒரே நேரத்தில் விழும் ஒலி ராணுவ அணிவகுப்புக்குரியது. ஷாஃப்ட்டிலோ வேறு ஒலி: கேஜ் ஏற்ற இறக்கத்துக்கான மணிக்குறிப்புகள், கம்பி வடத்தின் இழுவை, இடையில் நீண்ட அமைதி. சாம்பியன் ரீஃப் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே போன சுரங்கம். அந்த ஆழத்தில் பாறை வெடித்துச் சரியும் ‘ராக் பர்ஸ்ட்’டுக்கு முன்னால் டிரம் ரோல் எதுவும் வராது. ஸ்டாம்ப் மில் ஸ்விங் வாசித்தது என்று சொல்ல வரவில்லை, அப்படிச் சொன்னால் அது கவிதையாகிவிடும். டிரம் கூட்டம்தான் யதார்த்தம், ஸ்விங் அலங்காரம் என்ற பிரிவினை நிற்காது என்கிறேன். இரண்டுமே தேர்வுகள், எது எதைக் காட்டுகிறது என்பதே கேள்வி.

ஸ்விங்கை வைத்துப் படமெடுத்துக் கையைச் சுட்டுக்கொள்ளவில்லையா என்று தயாரிப்பாளர் தரப்பு கேட்கும். அனுராக் காஷ்யப்பின் ‘பாம்பே வெல்வெட்’ (2015) நல்ல உதாரணம். அமித் திரிவேதி அந்தக் காலத்தை உள்வாங்கி, தரமாகச் செய்த இசை அது, படம் பெருநஷ்டம். இசையால் நஷ்டம் என்று யாரும் சொல்லவில்லை, ஆனால் பழி இசை மேலும் படிந்தது. என் பார்வையில் அங்கே ஸ்விங் முழுக்க முழுக்க கிளப் மேடையில் நின்றது. தெருவில் வளர்ந்த நாயகனின் நடைக்குள் இறங்கவில்லை. ஏ.ஆர். ரஹ்மான் ‘இருவர்’ (1997) படத்தில் செய்தது வேறு. ‘ஹலோ மிஸ்டர் எதிர்க்கட்சி’யின் பிராஸ் எழுத்தும் ஓட்டமும் அறுபதுகளின் எம்.எஸ்.வி. ஒலியைப் போலி செய்யவில்லை. அதைவிட நவீனமான ஜாஸ். ஆனால் அந்தக் காலத்துத் திரையுலகம் தன்னைப் பார்த்தே சிரித்துக்கொள்ளும் துள்ளலை அது பிடித்துவிட்டது. இன்றைய இசைக் கல்லூரி மாணவர்கள் ஸ்விங்குக்குத் தமிழ் உதாரணம் கேட்டால் முதலில் சொல்வது அதைத்தான். ஆகவே ரசிகனுக்குப் புரியாது என்பதற்கு ஆதாரம் இல்லை. இன்னொன்றும் சொல்லிவிட வேண்டும். எல்லாத் தங்கவயல் படத்துக்கும் ஸ்விங் கேட்பது அபத்தம். பா. ரஞ்சித்தின் ‘தங்கலான்’ (2024) 19-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் நடக்கிறது, அங்கே ஜி.வி. பிரகாஷ் பறையையும் குரலையும் நம்பியது முற்றிலும் சரி. 2001 பிப்ரவரி 28-ல் சுரங்கம் மூடப்பட்ட பிறகான கதைக்கும் ஸ்விங் பொருந்தாது. 1956-ல் சுரங்கம் அரசின் கைக்கு வந்தது. வெள்ளை அதிகாரிகள் போனார்கள், அடுத்த இருபது ஆண்டுகளில் ஆங்கிலோ-இந்தியக் குடும்பங்கள் பல ஆஸ்திரேலியாவுக்கும் இங்கிலாந்துக்கும் கப்பலேறின. வாசிப்பவர் போனபோது நடையும் மெலிந்தது. இந்த மெலிவையே ஒரு படம் தன் இசைப் பாதையாக வைத்துக்கொள்ளலாம். முப்பதுகளில் முழுக் குழு, ஐம்பதுகளின் இறுதியில் பியானோவும் பாஸும், எழுபதுகளில் கல்யாண பேண்டில் ஒதுங்கிய ஒரே ஒரு டிரம்பெட்.

அப்படி ஒரு வேலை வந்தால் எப்படி எழுத வேண்டும் என்பதில் எனக்குச் சில பிடிவாதங்கள் உண்டு. பதினேழு பேர் கொண்ட பிக் பேண்டு ஒலி வேண்டவே வேண்டாம்; அது ஹாலிவுட் ஹோட்டலுக்கு உரியது, சுரங்க ஊர் இன்ஸ்டிட்யூட்டுக்கு அது பகட்டு. இரண்டு சாக்ஸஃபோன், ஒரு டிரம்பெட், ஒரு வயலின், பியானோ, பாஸ், டிரம்ஸ் போதும். வயலினை ஏன் சேர்க்கிறேன் என்றால், சர்ச்சில் பழகிய கைகள் நடனத்துக்கும் வாசித்த ஊர்களில் அதை விலக்க முடியாது. கிளாரினெட் வரிகளை வயலின் வாசிக்கும்போது வரும் சின்னக் கரகரப்பு அந்த இடத்தைச் சொல்லிவிடும். பாட்டுக் காட்சியைவிட ரீ-ரெக்கார்டிங்கில்தான் இதற்கு நிஜமான வேலை. சங்கு ஊதி ஷிப்டு மாறும் இடம், சம்பள நாள், டைம் ஆபீஸில் குமாஸ்தா பெயர் கூப்பிடும் காட்சி, கேஜிலிருந்து வெளியே வந்தவன் வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கும் கணம் ஆகியவற்றில் பாஸும் பிரஷ்ஷால் வருடும் டிரம்ஸும் மட்டும் நடந்தால் போதும், மெட்டே வேண்டாம். கிளப் காட்சி வந்தால் அங்கே ஸ்விங்கைக் குறைத்து, ஒரு பழைய வால்ட்ஸைப் போடச் சொல்வேன். மேலதிகாரிகளின் மாலைக்கு அதுதான் பொருத்தம்.

கடைசியில் எல்லாம் காசில் வந்து நிற்கும். கீபோர்டில் ஸ்விங் சதவிகிதம் என்று ஒரு குமிழ் இருக்கிறதே, அதைத் திருப்பினால் ஆயிற்றே என்பார் புரோகிராமர். அந்தக் குமிழ் ஒரே விகிதத்தைப் பாட்டு முழுக்கப் பிடித்து வைத்திருக்கும்; வேகத்தோடும் ஆளோடும் விகிதம் மாறுவதுதான் ஸ்விங் என்று மேலே சொன்னேன். சாம்பிளில் பதிவான டிரம்பெட் மூச்சு வாங்காது, பாஸைக் கேட்டுப் பிந்தி வராது. ஆனால் ஏழு பேருக்கும் கால்ஷீட் கொடுக்க எந்தத் தயாரிப்பாளரும் இன்று தயாராக இல்லை என்பதும் எனக்குத் தெரியும்; பாட்டுக்கு ஒரு தனிவாத்தியம், மீதி கம்ப்யூட்டர் என்பதே நடைமுறை. பேரம் பேசினால் நான் இறங்கிவரும் எல்லை இதுதான்: சாக்ஸ் வரிகளையும் பியானோவையும் சாம்பிளில் போட்டுக்கொள்ளலாம், வயலினைத் தனியாகப் பதிவு செய்துகொள்ளலாம். டிரம்ஸ், பாஸ், டிரம்பெட் மூன்றுக்கும் ஆள் வேண்டும். மூவரும் ஒரே அறையில், ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரிய, கிளிக் டிராக்கை அணைத்துவிட்டு ஒரே டேக்கில் வாசிக்க வேண்டும். படத்தின் எடிட்டர் அந்த டேக்குக்கு ஏற்பக் காட்சியை இரண்டு மூன்று ஃப்ரேம் நகர்த்தித் தரச் சம்மதிக்க வேண்டும். பெரும்பாலும் பேச்சு முறிவது சம்பளத்தில் அல்ல, அந்த இரண்டு மூன்று ஃப்ரேமில்.